சுக்குக்கடவில் பத்துப் பேர்

எங்கள் ஹால்ட்டுக்குச் சுக்குக்கடவு என்று பெயர். மட்டாஞ்சேரியிலிருந்து பழைய பாலத்தை நடந்து கடந்து இடது பக்கம் இறங்கினால் வரும். இதை ஸ்டேஷன் என்று சொல்ல எனக்கே சிரிப்பாக இருக்கும். ஒரு பிளாட்பாரம், ஒரு தகரக் கொட்டகை, கொட்டகைக்குள் நான், அவ்வளவுதான். ஸ்டேஷன் மாஸ்டர் கிடையாது, சிக்னல் கிடையாது. பிளாட்பாரத்தின் கடைசிப் பக்கம் காயல் தண்ணீருக்குள் நீட்டிக்கொண்டிருக்கும். அங்கே ஒரு கைப்பிடிச் சுவர்கூடக் கிடையாது. இப்படிப்பட்ட இடங்களில் ரயில்வே சம்பளத்துக்கு ஆள் போடாது. டிக்கெட் விற்க யாராவது ஒருவரைக் கமிஷனுக்கு வைத்துக்கொள்ளும். அந்த ஆள் நான்தான், பொன்மணி. இருபத்திரண்டு வருஷமாக இங்கே உட்கார்ந்திருக்கிறேன்.

இந்த ஹால்ட்டும் ஒரு காலத்தில் திமிலோகப்பட்ட இடம்தான். பஜாரில் சுக்கும் மிளகும் அரிசியும் மலைமலையாகக் குவிந்து கிடந்த நாளில், மூட்டை தூக்குகிறவர்கள் வந்து போவதற்காகத் திறந்தார்கள். திருநெல்வேலிப் பக்கமிருந்து பிழைக்க வந்த எங்கள் ஆட்கள், இடக்கொச்சி மீன்காரிகள், கிடங்குக் கணக்கர்கள் எல்லாம் முட்டி மோதி ஏறுவார்கள். காலையில் நாலு வண்டி, சாயங்காலம் நாலு வண்டி. அப்புறம் பஸ் பெருகியது, ஆட்டோ பெருகியது, அக்கரையில் மெட்ரோ வந்தது. கிடங்குகளில் பாதி, வெளிநாட்டுக்காரர்கள் காப்பி குடிக்கிற இடமாகிவிட்டது. இப்போது காலை ஏழு நாற்பதுக்கு எர்ணாகுளத்துக்கு ஒரு வண்டி, சாயங்காலம் ஐந்து ஐம்பதுக்குத் திரும்பி வருகிற ஒரு வண்டி. ஒரே ஒரு நிமிஷம் நிற்கும்.

ஊரெல்லாம் கம்ப்யூட்டர் டிக்கெட் என்றாலும் எங்களுக்கு இன்னும் அட்டை டிக்கெட்தான். தேதி அடிக்கிற இரும்பு மிஷினில் செருகி அழுத்தினால் டக்கென்று ஒரு சத்தம் வரும். தினசரி ஆட்கள் வருவதற்கு முன்பே அவரவர் பேரைச் சொல்லி அழுத்தி வைத்துவிடுவேன். கூட்டம் இருந்த நாளில் அழகருக்கு ஒன்று, டக். அம்மிணிக்கு ஒன்று, டக். வந்ததும் கையில் கொடுத்தால் தீர்ந்தது. பேர் சொல்லாமல் அடித்தால் எனக்குக் கணக்குத் தப்பிவிடும்.

கூட்டம் குறைந்த பிறகு வந்த இன்னொரு வழக்கமும் உண்டு. சிக்னல் இல்லாததால் வண்டியைக் கிளப்ப வேண்டியது கார்டுதான். நான் கொட்டகை வாசலில் நின்று, எத்தனை டிக்கெட் கொடுத்தேனோ அத்தனை விரலைக் காட்டுவேன். கடைசிப் பெட்டியிலிருந்து அவர் பார்ப்பார். அத்தனை பேரும் ஏறினால்தான் பச்சைக்கொடி. எத்தனை கார்டுகள் மாறினாலும் இது மட்டும் மாறவில்லை.

எனக்குக் கோபம் வந்தால் கண்மண் தெரியாது. அதை ஒளிக்காமல் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் இந்தக் கதையே அதனால் வந்தது. எனக்கு ஒரு தம்பி, செல்லதுரை. எனக்குக் கல்யாணம் நடக்கவில்லை, அவனுக்கு நான்தான் நடத்தி வைத்தேன். பெண் பேச்சி, எங்கள் ஊர்ப் பக்கத்துப் பெண். கல்யாணமாகி நாலாவது மாதம் எனக்குக் காய்ச்சல் கண்டது. ஒரு நாள் மட்டும் நீ போய் உட்காருடா என்று தம்பியை அனுப்பினேன். அவன் செய்ய வேண்டியது ஒரே ஒரு வேலை. காலையில் மிஷினில் தேதியை மாற்ற வேண்டும். பாட்டுப் பாடிக்கொண்டு போனவன் அதை மறந்தே போனான். நாற்பது பேருக்கும் முந்தின நாள் தேதி. எர்ணாகுளத்தில் இறங்கிய அத்தனை பேரையும் பிடித்து நிறுத்தி அபராதம் போட்டுவிட்டார்கள். என் வேலை அன்றைக்குப் போக இருந்தது, மயிரிழையில் தப்பியது.

மறுநாள் காலை அவன் கொட்டகை வாசலில் வந்து நின்றான். அக்கா, தெரியாமல் செய்துவிட்டேன், அடிக்கணும் என்றால் நாலு அடி அடி என்றான். நான் அடிக்கவில்லை. அடித்திருந்தால் எவ்வளவோ தேவலாம். எர்ணாகுளத்துக்குப் போகிற டிக்கெட் ஒன்றை எடுத்து, அவன் பேரைச் சொல்லி அழுத்தி, அவன் முகத்தில் விட்டெறிந்தேன்.

"எங்கேயாவது போய்த் தொலை. இனிமே என் கண்ணு முன்னால நிக்காதே."

அத்தனை ஜனமும் பார்த்துக்கொண்டிருந்தது. அவன் குனிந்து டிக்கெட்டைப் பொறுக்கினான். நான் முகத்தைத் திருப்பிக்கொண்டேன். வண்டி வந்தது, ஜனம் முண்டியடித்து ஏறியது. வண்டி போன சத்தம் கேட்ட பிறகுதான் திரும்பினேன், பிளாட்பாரம் காலியாக இருந்தது. ஏறிப் போயிருப்பான், இரண்டு நாளில் பசித்தால் தானாக வருவான் என்று நினைத்தேன். பதினோரு வருஷம் ஆகிவிட்டது.

தேடாத இடமில்லை. கோயம்புத்தூர், திருப்பூர், தூத்துக்குடி என்று போட்டோவை வைத்துக்கொண்டு அலைந்தேன். போலீசுக்கும் நான்தான் போனேன். பேச்சி ஒரு நாளும் கூட வந்ததில்லை. ஒரு சொட்டுக் கண்ணீர் விட்டு நான் பார்த்ததுமில்லை. இடக்கொச்சியில் ஓட்டல் வைத்திருக்கிற நல்ல மனிதர் ஒருவர் அவளைக் கட்டிக்கொள்ளக் கேட்டு வந்தார். முப்பது வயதுகூட ஆகாத பெண், எத்தனை நாள் இப்படி இருப்பாள் என்று நானே பேசிப் பார்த்தேன். "எனக்கென்ன மதினி குறை?" என்று கேட்டுவிட்டு அடுப்பைப் பார்க்கப் போய்விட்டாள். எனக்கு வந்த ஆத்திரத்தைச் சொல்லி முடியாது.

என்னோடு பேசும்போது அவள் என் முகத்தைப் பார்க்கமாட்டாள். தோளுக்கு மேலே எங்கேயோ பார்த்துப் பேசுவாள். என் மேல் மனத்தாங்கல், இருக்காதா பின்னே என்று நான் கண்டும் காணாமல் விட்டுவிட்டேன். ஹால்ட்டிலிருந்து நான் வீட்டுக்கு வந்ததும் இரண்டு டம்ளர் சாயா கொண்டுவந்து வைப்பாள். ஒன்று எனக்கு, மற்றதை அவளே குடிப்பாள் என்று நினைத்து நான் கேட்டதில்லை. வந்து உட்கார்ந்ததும் என் பிடரியில் தைலம் தேய்த்துவிடுவாள். காயல் காற்று என் பிடரியில் சில்லென்று ஏறி உட்கார்ந்துகொள்ளும், மீன மாதத்து உச்சி வெயிலில்கூட அது போகாது.

இந்த வருஷம் மழைக்காலம் முடிந்ததும் ஒரு கடிதம் வந்தது. காலை வண்டிக்குப் பத்துப் பேராவது ஏற வேண்டும். மாதம் முடிவதற்குள் அந்த எண்ணிக்கை வராவிட்டால் சுக்குக்கடவை மூடிவிடுவார்கள். என்னிடம் உயிரோடு ஏறுகிறவர்கள் மூன்று பேர். வக்கீல் ஆபீஸுக்குப் போகிற சிவசங்கரன் சார், துணிக்கடையில் நிற்கிற தன்யா, ஓட்டலில் பாத்திரம் கழுவுகிற அசாம்காரர் ஒருவர். மீதி ஏழு பேருக்கு நான் எங்கே போவேன்? எனக்கு இந்த வேலை போவதைவிட இன்னொரு பயம் பெரிதாக இருந்தது. செல்லதுரை திரும்பி வந்தால் இந்த ஹால்ட்டில்தான் வந்து இறங்குவான். வண்டியே நிற்காமல் போனால் அவன் எங்கே இறங்குவான்?

அதனால் ஏழு டிக்கெட்டை என் கைக்காசில் நானே எடுத்தேன். பேர் சொல்லாமல் அடித்துப் பழக்கமில்லையே, பழைய ஆட்கள் பேரைச் சொல்லி அழுத்தினேன். மூட்டை தூக்கிய அழகருக்கு ஒன்று. இடக்கொச்சி அம்மிணிக்கு ஒன்று. கிடங்குக் கணக்கர் வெங்கிடாசலத்துக்கு ஒன்று. இன்னும் நாலு பேர். எல்லாரும் செத்துப்போனவர்கள். ஏழு பேர் கருமாதிக்கும் நான் போய் வந்திருக்கிறேன். உயிரோடு இருந்தபோது டிக்கெட் எடுக்காமல் ஏய்த்தீர்களே, இப்போது நான் எடுத்துத் தருகிறேன், போய் வாருங்கள் என்று திட்டிக்கொண்டே அழுத்தினேன்.

கார்டு புதிது. கிருஷ்ணபிரசாத் என்று பெயர், திருப்பூணித்துறைத் தமிழ்க் குடும்பம். முப்பது வயதிருக்கும், வாய் நிறைய சேச்சி என்று கூப்பிடுவார். ஏறுகிறவர்கள் எண்ணிக்கையை அவரும் எழுதி வைக்க வேண்டும், அதுவும் என் டிக்கெட் கணக்கும் ஒத்துப்போக வேண்டும். என்ன சொல்லப் போகிறாரோ என்று படபடப்போடு பத்து விரலைக் காட்டினேன். மூன்று பேர் ஏறினார்கள். அவர் கொஞ்ச நேரம் பார்த்திருந்துவிட்டுப் பச்சைக்கொடியை ஆட்டினார். புரிந்துகொண்டுதான் கண்டுகொள்ளாமல் விடுகிறார், நல்ல மனசு என்று நினைத்துக்கொண்டேன்.

ஒன்பது நாள் இப்படியே போனது. பத்தாம் நாள் காலையில் மிஷின் சிக்கிக்கொண்டது. அதோடு மல்லுக்கட்டியதில் ஆறு பேருக்கு அடித்துவிட்டு ஏழு என்று நினைத்துவிட்டேன். வாசலில் நின்று வழக்கம்போலப் பத்து விரல் காட்டினேன். மூன்று பேரும் ஏறினார்கள், வண்டி கிளம்பவில்லை. ஒரு நிமிஷம் இரண்டானது. என்ன என்று கையைக் காட்டிக் கேட்டேன்.

"ஒருத்தர் குறையறது சேச்சி. ஒம்பதுதான் ஏறியிருக்கா."

கிண்டல் செய்கிறார் என்று நினைத்துக் கொட்டகைக்குள் போய்ப் பார்த்தேன். அடித்த டிக்கெட்டுகள் நம்பர்படி ஒன்பதுதான். வெளியே வந்து ஒரு விரலை மடக்கினேன். அவர் தலையாட்டிவிட்டுக் கொடியை ஆட்டினார்.

சாயங்கால வண்டியில் அவர் வந்தபோது ஓடிப்போய்க் கேட்டேன். காலையில் யார் யார் ஏறினார்கள் என்று சொல்லுங்கள் என்றேன். அவர் எனக்குப் பரீட்சை வைக்கிறேன் என்று நினைத்துச் சிரித்தார். சார் ஒருத்தர், துணிக்கடைப் பெண், இந்திக்காரர். அப்புறம் தலையில் சிவப்புத் தோர்த்துத் துண்டு கட்டி இடுப்பில் மூட்டைக் கொக்கி செருகினவர். அலுமினியப் பாத்திரத்தை வாழையிலை போட்டு மூடின அம்மா, ஏறும்போது எல்லாரையும் முழங்கையால் இடிக்கிறாள் என்றார். மழையே இல்லாத நாளிலும் குடையை விரித்துக்கொண்டு நிற்கிற பெரியவரை மட்டும் இன்றைக்குக் காணோம் என்றார். அழகர், அம்மிணி, வெங்கிடாசலம். அன்று காலை நான் அடிக்காமல் விட்டது வெங்கிடாசலத்துக்குத்தான். இவர் இந்த லைனுக்கு வந்தே ஒரு மாதம் ஆகவில்லை. அவர்கள் போய்ச் சேர்ந்து வருஷக்கணக்காகிறது.

நேரே வீட்டுக்குப் போனேன். அடுத்த இரண்டு நாள் பழைய ஆட்களுக்கு டிக்கெட் அடிக்கவில்லை. மூன்று விரல் காட்டினேன், மூன்று பேர் ஏறினார்கள், வண்டி போனது. மூன்றாம் நாள் எனக்கே என் மேல் எரிச்சல் வந்தது. யார் அவர்கள்? என் ஆட்கள்தானே, வந்து ஏறினால் ஏறிவிட்டுப் போகட்டுமே. எனக்கு அவர்கள் என்ன கெடுதல் செய்தார்கள்? மறுபடி ஏழு பேருக்கும் அடித்தேன். கடிதம் சொன்னபடி பத்துப் பேர் ஆனார்கள்.

ஆனால் அன்றைக்குத்தான் அந்த நினைப்பு வந்து தொலைந்தது. பேர் சொல்லி அடித்தால் செத்தவர்கள் வந்து ஏறுகிறார்கள். செல்லதுரை பேரைச் சொல்லி அடித்தால்? செத்திருந்தால் வந்து ஏறுவான், கார்டு பத்து என்பார். உயிரோடு எங்கேயாவது இருந்தால் வரமாட்டான், கார்டு ஒன்பது என்பார். பதினோரு வருஷமாக எந்தப் போலீசும் சொல்லாததை ஒரு நிமிஷத்தில் தெரிந்துகொண்டுவிடலாம்.

ஒரு வாரம் என்னை நானே கட்டிப்போட்டு வைத்திருந்தேன். சோறு இறங்கவில்லை. பேச்சியிடம் சொல்லலாமா என்று வாயெடுத்தேன், அவள் என் தோளுக்கு மேலே பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தாள், சொல்லவில்லை. மாதக் கடைசி நாள் காலையில் என்னால் முடியாமல் போனது. வெங்கிடாசலத்துக்கு அடிக்காமல் விட்டேன். அந்த அட்டையை மிஷினில் செருகி, செல்லதுரைக்கு ஒன்று என்று சொல்லி அழுத்தினேன். முதல் தடவை சரியாகப் பதியாமல் இரண்டு தடவை அழுத்த வேண்டியிருந்தது.

அன்று மேகமே இல்லாத வானம். பத்து நாளாக மழை இல்லை. வண்டி வந்தது. கொட்டகை வாசலில் நின்று பத்து விரலையும் விரித்தேன். சார் ஏறினார், தன்யா ஏறினாள், அசாம்காரர் ஏறினார். கார்டு எண்ணிக்கொண்டே இருந்தார். முருகா, ஒன்பது, ஒன்பது என்று நான் முணுமுணுத்துக்கொண்டிருந்தேன்.

"ஒம்பது சேச்சி."

எனக்குக் கண்ணீர் பொத்துக்கொண்டு வந்தது. இருக்கிறான். எந்த ஊரிலோ, எவள் சமைத்துப் போட்ட சோற்றைத் தின்றுகொண்டோ இருக்கட்டும், உயிரோடு இருக்கிறான். பிளாட்பாரத்தில் நின்றுகொண்டே சத்தமாகச் சிரித்தேன். தன்யா ஜன்னல் வழியாகப் பயந்து பார்த்தாள். நான் ஒரு விரலை மடக்கி, போகலாம் என்று கையை ஆட்டினேன். கார்டு கொடியைத் தூக்கவில்லை. தலையை வெளியே நீட்டிக் கேட்டார்.

"அப்போ அவர் வரலையா?"

யார் என்று கேட்டேன்.

"தினமும் உங்க பின்னாடி நிக்கறவர்தான். உங்க வீட்டு ஆளுன்னு நெனச்சிண்டிருந்தேன். இன்னிக்குக் கையில டிக்கெட் வச்சிண்டிருக்கார், ஆனா ஏற மாட்டேங்கறார்."

என் சிரிப்பு அப்படியே நின்றுபோனது. பிடரியில் அந்தச் சில்லிப்பு இருந்தது, பதினோரு வருஷமாக இருந்த அதே சில்லிப்பு. திரும்பவில்லை, திரும்பத் தைரியம் வரவில்லை. ஆள் எப்படி இருக்கிறார் என்று மட்டும் கேட்டேன். சின்ன வயசு, நீலச் சட்டை, தலையோடு கால் நனைந்து சொட்டுகிறது, எங்கே போய் நனைந்தாரோ என்றார் கார்டு. பிளாட்பாரத்தின் கடைசிப் பக்கத்தைப் பார்த்தேன். அதற்கு அப்பால் காயல் கிடந்தது.

அன்றைக்கு அவன் வண்டி ஏறவேயில்லை. நான் முகத்தைத் திருப்பியிருந்த அந்த ஒரு நிமிஷத்தில் எல்லாம் முடிந்திருக்கிறது. கண் முன்னால் நிற்காதே என்று அக்கா சொன்னாள். இருந்தபோது ஒரு பேச்சுக் கேட்காத பயல், அந்த ஒரு பேச்சை மட்டும் கேட்டிருக்கிறான். பதினோரு வருஷம் என் கண்ணில் படாமல் என் முதுகுக்குப் பின்னாலேயே நின்றிருக்கிறான்.

வண்டிக்குள்ளிருந்து சார் என்ன தாமதம் என்று சத்தம் போட்டார். கார்டு கடிகாரத்தைப் பார்த்தார். திரும்பாமலே சொன்னேன்.

"செல்லம், அக்கா கோவத்துல சொன்னதுடா. அந்தப் பேச்சை நான் வாபஸ் வாங்கிக்கிட்டேன். முன்னால வாடா. வந்து உன் முகத்தைக் காட்டிட்டு, வண்டி ஏறிப் போ."

கண்ணைக் கொட்டாமல் எதிரே பார்த்துக்கொண்டு நின்றேன். தண்டவாளம் தெரிந்தது, பெட்டியின் நீலச் சாயம் தெரிந்தது. வேறு ஒன்றுமே தெரியவில்லை. கார்டு பச்சைக்கொடியைத் தூக்கினார்.

"பத்து ஆச்சு சேச்சி. உங்க முன்னாடி வந்து எவ்வளவு நேரம் நின்னார், நீங்க அவரோட ஒரு வார்த்தை பேசலையே."

வண்டி போய்விட்டது. நான் கொட்டகைத் தரையில் உட்கார்ந்து வாய்விட்டு அழுதேன். அழுது முடித்துக் கையை வைத்துப் பார்த்தேன். பிடரி காய்ந்து, வெயில் பட்டுச் சூடாக இருந்தது.

பாலத்தைக் கடக்கும்போது பேச்சியிடம் எப்படிச் சொல்வது என்று யோசித்துக்கொண்டே நடந்தேன். சொல்லித்தான் ஆக வேண்டும். அவன் இல்லை, இனி வரமாட்டான், நீ உன் வாழ்க்கையைப் பாரு என்று தெளிவாகச் சொல்லிவிட வேண்டும். கதறுவாள், பிடித்துக்கொள்ள வேண்டும். இத்தனை வருஷம் வராத அழுகை மொத்தமாக வரும். பஜார் திறந்துகொண்டிருந்தது, ஆட்டோக்காரர்கள் வழி விடச் சொல்லிக் கத்தினார்கள், எதுவும் என் காதில் ஏறவில்லை.

வீட்டு வாசலில் செருப்பைக் கழற்றினேன். சத்தம் கேட்டுப் பேச்சி இரண்டு கையிலும் இரண்டு டம்ளர் சாயாவோடு வந்தாள். வழக்கம்போல என் தோளுக்கு மேலே பார்த்தாள். அவள் முகத்திலிருந்த சிரிப்பு மெல்லக் குறைந்தது. ஒரு அடி தள்ளி நின்று என் முதுகுப் பக்கம் எட்டிப் பார்த்தாள். பிறகு வாசல் வரை போய், தெரு முனை வரை பார்த்துவிட்டுத் திரும்பி வந்தாள். பதினோரு வருஷத்தில் முதல் தடவையாக நேராக என் முகத்தைப் பார்த்தாள்.

"என்ன மதினி," என்றாள், "இன்னைக்குத் தனியா வந்திருக்கீங்க?"